கனவுக்கும் விழிப்புக்கும் சமாதான உடன்படிக்கை: சுங்கை சிப்புட்டில் கையெழுத்தாகும் ஒரு வரைவு

#1 லயத்துப் பிள்ளை | வெள்ளி இரவு 10:12

அனைவருக்கும் வணக்கம். ஒரு கதை எழுதிக்கொண்டிருக்கிறேன். கனவுலகமும் விழிப்புலகமும் நெடுநாள் சண்டை போட்டுக் களைத்து, சமாதானம் பேச உட்காருகின்றன. இடம் மலேசியாவில் பேராக்கின் சுங்கை சிப்புட் பக்கம், நான் பிறந்த ரப்பர் தோட்டத்தின் பழைய பெரட்டுக்களம், அதாவது விடியுமுன் ஆட்களைப் பேர் கூப்பிட்ட இடம். இப்போது அங்கே செம்பனைதான் நிற்கிறது. கதையில் களம் அப்படியே இருக்கிறது.

ஏன் நம் ஊர் என்றால், சண்டை எப்படித் தொடங்கும், சமாதானம் எவ்வளவு தாமதமாக வரும் என்று பார்த்த ஊர் இது. 1948 ஜூன் 16 அன்று இங்குள்ள தோட்டங்களில் மூன்று ஐரோப்பியர்கள் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். அதிலிருந்து கம்யூனிஸ்டுகளோடு சண்டை, அவசரகாலம், 1960 வரை. நடுவில் 1955 டிசம்பர் 28, 29 இரண்டு நாளும் பாலிங்கில் ஒரு பள்ளிக்கூடத்தில் அன்றைய முதலமைச்சர் துங்கு அப்துல் ரஹ்மானும் கம்யூனிஸ்ட் கட்சித் தலைவர் சின் பெங்கும் நேருக்கு நேர் உட்கார்ந்து பேசினார்கள். முடியவில்லை. கடைசியில் கையெழுத்தானது 1989 டிசம்பர் 2, தாய்லாந்தின் ஹட்யாயில். 41 வருடம்.

என் வரைவு இதுதான்.

பிரிவு 1: உறங்குபவரின் உடம்பைக் கனவு பூட்டிக்கொள்ளலாம். விழித்தவுடன் சாவியைத் திருப்பித் தர வேண்டும்.

பிரிவு 2: விடியுமுன் எழுப்பப்படுகிறவரின் பாதிக் கனவுக்கு விழிப்பு ஈடு செய்ய வேண்டும். (எப்படி என்று இன்னும் தெரியவில்லை.)

பிரிவு 3: வீட்டார் கேட்காமல் இறந்தவர்களைக் கனவு அழைத்து வரக்கூடாது.

பிரிவு 4: கனவு விழிப்பிடம் சரணடையும். பதிலுக்கு விழிப்பு அதை மன்னிக்கும்.

நடுவராக பிளஸ் ஆற்றின் மேல்பகுதியிலிருந்து ஒரு பெரியவர் வருகிறார், தெமியார் என்ற பூர்வகுடியைச் சேர்ந்தவர்.

படித்துவிட்டுத் தவறு எங்கே என்று சொல்லுங்கள். இதை நன்றாக எழுத வேண்டும் என்று எனக்கு ரொம்ப ஆசை.

#2 தைப்பிங் மழை | வெள்ளி இரவு 10:58

தம்பி, நான் மருத்துவமனையில் இரவு வேலை பார்ப்பவள். உங்கள் முதல் பிரிவு ஏற்கெனவே அமலில் இருக்கிறது, அதைச் சொல்லத்தான் வந்தேன்.

கண்கள் வேகமாக உருளும் உறக்கம் என்று ஒன்று உண்டு. சிகாகோவில் அசரின்ஸ்கியும் கிளைட்மனும் 1953இல் அதை எழுதினார்கள். தெளிவான கனவுகள் பெரும்பாலும் அப்போதுதான் வரும். அந்த நேரத்தில் மூளைத்தண்டு, கை கால் தசைகளுக்குப் போகும் கட்டளையை நிறுத்திவிடுகிறது. மூச்சுக்கும் கண்ணுக்கும் மட்டும் விலக்கு. அதனால்தான் கனவில் ஓடினாலும் படுக்கையில் நம் கால் ஓடுவதில்லை. பிரெஞ்சு ஆராய்ச்சியாளர் மிஷேல் ஜூவே பூனைகளின் மூளைத்தண்டில் அந்த இடத்தைச் சிதைத்துப் பார்த்தார். உறங்கிக்கொண்டே அவை எழுந்து, இல்லாத இரையின் மேல் பாய்ந்தன. பூட்டு இல்லையென்றால் எல்லைக்கோடும் இல்லை.

மீறல் இரண்டு பக்கமும் நடக்கும். விழித்த பிறகும் பூட்டு திறக்காமல் இருப்பது ஒன்று. பூட்டே விழாமல் கனவில் அடிப்பதைப் பக்கத்தில் படுத்திருப்பவர் மேல் அடிப்பது இன்னொன்று. இரண்டாவதைத் தனி நோயாக 1986இல்தான் மருத்துவர்கள் விவரித்தார்கள், வயதான ஆண்களிடம் அதிகம். ஆகவே உங்கள் பிரிவில் "சாவியைத் திருப்பித் தர வேண்டும்" மட்டும் போதாது, "பூட்ட மறக்கக்கூடாது" என்றும் சேருங்கள்.

#3 கோலகங்சார் ரோடு | வெள்ளி இரவு 11:20

அக்கா சொல்லும் முதல் மீறல் எனக்கு நடந்திருக்கிறது. படிவம் நான்கில் விடுதியில் இருந்தேன். விடியற்காலை கண் திறந்திருக்கிறது, மின்விசிறி சுற்றுவது தெரிகிறது, நெஞ்சின் மேல் யாரோ உட்கார்ந்திருக்கிறார்கள். கத்த வாய் வரவில்லை. அம்மா அதை அமுக்கான் என்பார், என் மலாய்க்கார அறைத்தோழன் "கெனா திண்டே" என்றான். இரண்டு மொழியிலும் ஒரே பாரம்தான்.

இன்று அதன் காரணம் தெரிகிறது. அன்று தெரியாமல் மூன்று வாரம் தூங்கவே பயந்தேன். கதையில் அந்தப் பயத்துக்கும் ஒரு வரி கொடுங்கள். பூட்டு ஏன் போட்டார்கள் என்று முன்கூட்டியே மக்களிடம் சொல்ல வேண்டும் என்று ஒரு நிபந்தனை. ஊருக்குத் தெரியாத உடன்படிக்கை ஊருக்கு உதவாது.

#4 ஐந்தாம் நிரை | சனி காலை 5:40

இரண்டாம் பிரிவைப் பற்றி. 19 வருடம் ரப்பர் மரத்தில் பால் வெட்டியவள் நான், அம்மாவோடு சேர்த்தால் இன்னும் அதிகம்.

விடியுமுன் ஏன் போக வேண்டும் என்று இப்போதுள்ள பிள்ளைகளுக்குத் தெரியாது. மரத்துக்குள் பால் ஓடும் குழாய்களில் அழுத்தம் இரவு முடியும் நேரத்தில்தான் அதிகம். வெயில் ஏற ஏற மரம் தண்ணீரை இலை வழியாக விட்டுவிடும், பட்டையில் அழுத்தம் குறையும், மரத்தில் கட்டிய மங்குக் கோப்பையில் விழும் பாலும் குறையும். நாம் எழுந்தது துரைக்காக மட்டும் இல்லை, மரமும் அப்படித்தான் கேட்டது. நான்கு மணிக்கு அடுப்பு, அப்புறம் பெரட்டு, தோட்டத்துக் கணக்கர் கிராணி பேர் கூப்பிடுவார், தலையில் விளக்கு, உளி, வாளி, கொசு.

நான்கு மணிக்கு அம்மா தட்டும்போது எப்போதும் ஒரு கனவின் நடுவில்தான் இருப்பேன். ஒரு தடவைகூட முடிவு பார்த்ததில்லை. நான் மட்டும்தான் அப்படி என்று நினைத்திருந்தேன்.

#5 தைப்பிங் மழை | சனி காலை 7:05

ஐந்தாம் நிரை அக்கா, நீங்கள் மட்டும் இல்லை, உங்கள் லயத்து வரிசை வீடுகளில் எல்லோரும் அப்படித்தான் இருந்திருப்பார்கள். உறக்கம் ஏறக்குறைய 90 நிமிடச் சுற்றுகளாகப் போகும். முதல் சுற்றில் கனவுப் பகுதி சில நிமிடம்தான். விடியலை நெருங்க நெருங்க அது நீளும், கடைசிச் சுற்றுகளில் அரைமணிக்கு மேலும் போகலாம். நான்கு மணிக்கு எழுந்தவர்களிடமிருந்து வெட்டப்பட்டது அந்த நீளமான கடைசிப் பங்கு.

அதை உடம்பு மறப்பதில்லை. அப்படிப் பறிபோன உறக்கத்தை அடுத்து கிடைக்கும் நல்ல இரவில் கூடுதலாக எடுத்துக்கொள்ளும். "ஈடு" என்று தம்பி தேடுவதை உடம்பு தானாகவே கொஞ்சம் செய்துகொள்கிறது. ஆனால் அந்த நல்ல இரவு வர வேண்டுமே.

#6 பழைய வெள்ளி | சனி காலை 9:31

இரண்டாம் பிரிவுக்கு ஒரு சாட்சி தருகிறேன். 1981 டிசம்பர் 31 இரவு 11:30 மணிக்கு தீபகற்ப மலேசியாவில் கடிகாரம் நேராக 12க்குப் போனது. சபா, சரவாக்கோடு நேரத்தை ஒன்றாக்கினார்கள். நாடு ஒன்றாவது நல்லதுதான், அதில் எனக்குக் குறையில்லை. ஆனால் தோட்டத்தில் என்ன ஆனது? கடிகாரம் அரைமணி முன்னால் போனது, சூரியன் போகவில்லை. பெரட்டு மணி அதே எண்ணில் அடித்த இடங்களில், ஆட்கள் முன்பைவிட அரைமணி ஆழமான இருட்டில் எழுந்தார்கள். என் அப்பா அந்த ஜனவரியில் சொன்னார்: "மணி மாறிடுச்சி, சேவல் மாறல."

அதற்கும் முன்னால் ஜப்பான் காலத்தில் தோக்கியோ நேரம் வைத்தார்கள். 1942லிருந்து 1945 வரை ஒன்றரை மணி முன்னால்.

ஆகவே தம்பி, எல்லைக்கோட்டை விழிப்புத் தரப்பு எத்தனை முறை கேட்காமல் நகர்த்தியிருக்கிறது என்று முன்னுரையில் எழுதுங்கள். எல்லையை யார் நகர்த்தினார் என்பதில்லாமல் எந்த உடன்படிக்கையும் தொடங்காது.

நான்காம் பிரிவை அடித்துவிடுங்கள். பாலிங்கில் பேச்சு எதில் உடைந்தது? சரணடைவதில்தான். காட்டிலிருந்து வந்தவர்கள் சரணடைய மாட்டோம் என்றார்கள், துங்கு அதில் இறங்கி வரவில்லை. ஹட்யாயில் அந்தச் சொல்லை வைக்கவில்லை. ஆயுதங்களைக் கையில் கொடுக்காமல் அழிப்பதாக ஒப்புக்கொண்டார்கள், கையெழுத்து விழுந்தது. ஒரு சொல்லுக்காக 34 வருடம் போனது என்று நான் சொல்ல மாட்டேன், வேறு காரணங்களும் இருந்தன. ஆனால் அந்தச் சொல் வாசலில் நின்றது.

கனவும் சரணடையாது. அதனிடம் அதைக் கேட்கிற கதை பொய்க்கதை.

#7 லயத்துப் பிள்ளை | சனி காலை 10:15

நான்காம் பிரிவை எடுத்துவிட்டேன், ஐயா. "இரு தரப்பும் மற்றவர் எல்லைக்குள் பயமுறுத்தும் வேலையை நிறுத்தும்" என்று மாற்றியிருக்கிறேன். அரைமணி நேரக் கதையை என் வீட்டில் யாரும் சொன்னதில்லை. முன்னுரையின் முதல் வரியாக அதை வைக்கிறேன்.

#8 வள்ளுவன் தெருவாசி | சனி மதியம் 12:48

குறளில் கனவுக்கு ஒரு முழு அதிகாரம் இருக்கிறது, 122ஆவது, காமத்துப்பாலில். அதில் ஒருத்தி சொல்கிறாள்: "நனவென ஒன்றில்லை ஆயின் கனவினால் காதலர் நீங்கலர் மன்." நனவு என்று ஒன்று இல்லாமல் போனால் கனவில் வந்தவர் பிரியவே மாட்டாரே என்கிறாள். அவள் சமாதானம் கேட்கவில்லை, நனவே வேண்டாம் என்கிறாள்.

உங்கள் மேசையில் அவளைப் போன்றவர்களுக்கு நாற்காலி இருக்கிறதா? இரண்டு உலகத்தின் பிரதிநிதிகள் மட்டும் உட்கார்ந்து, நடுவில் கிடந்து தவிப்பவர்களைக் கேட்காமல் எழுதினால் அது நிலம் பங்கு போடுவது போல ஆகிவிடும்.

#9 ஆற்றுக்கு மேலே | சனி மாலை 4:22

நான் சில வருடம் நம் சுங்கை சிப்புட் பக்கத்து லாசா தாண்டி மேலே பூர்வகுடிப் பிள்ளைகளோடு வேலை செய்தவன். நடுவரைப் பற்றிப் பேச வேண்டும்.

தெமியார் மக்களையும் கனவையும் சேர்த்து வெளிநாட்டில் ஒரு பெரிய கதை உலாவியது. கில்டன் ஸ்டூவர்ட் என்ற அமெரிக்கர் 1951இல் ஒரு கட்டுரை எழுதினார். இந்தக் காட்டு மக்கள் தினமும் காலையில் பிள்ளைகளின் கனவைக் கேட்டு, அதை எப்படி ஆள்வது என்று கற்றுக் கொடுக்கிறார்கள், அதனால் அவர்களிடம் சண்டையே இல்லை என்று. அமெரிக்காவில் அதை நம்பிக் கனவுக் குழுக்களே நடத்தினார்கள். பிறகு டோம்ஹாஃப் என்பவர் 1985இல் ஆதாரங்களை எல்லாம் பார்த்து, அப்படி ஒரு பயிற்சி அங்கே இருந்ததாகத் தெரியவில்லை என்று எழுதினார். உங்கள் நடுவர் அந்தக் கட்டுரையிலிருந்து இறங்கி வந்தவர் மாதிரி இருக்கிறார்.

உண்மையில் அவர்களிடம் இருப்பது அதைவிட அழகானது. தெமியார் பாட்டுகள் கனவில் கிடைப்பவை. மலை, மரம், பழம், ஆறு, இவற்றில் ஒன்றின் ஆவி கனவில் ஒருவரைத் தேடி வந்து சிநேகம் பிடித்து ஒரு பாட்டைத் தரும். அவர் அதை ஊருக்குக் கொண்டு வந்து இரவுக் கூட்டத்தில் பாடுவார், பெண்கள் மூங்கில் குழாய்களைத் தரையில் இடித்துக்கொண்டு பின்பாட்டுப் பாடுவார்கள். உடம்பு சரியில்லாதவருக்காகவும் பாடுவதுண்டு. பாட்டு இன்னாரிடமிருந்து வந்தது என்று எல்லோருக்கும் தெரியும்.

நம் கதையில் அவர்கள் மந்திரவாதி நடுவராக வந்து போக வேண்டாம், தம்பி. வருவதென்றால் தனித் தரப்பாக வரட்டும். கனவோடு அவர்களுக்கு ஏற்கெனவே உறவு இருக்கிறது. நாம்தான் இப்போது பேசத் தொடங்குகிறோம். ஒரு யோசனையும் அதிலிருந்து கிடைக்கும்: உங்கள் வரைவில் எல்லாப் பிரிவும் "செய்ய வேண்டும்", "செய்யக்கூடாது" என்றே இருக்கிறது. கொடுக்கல் வாங்கல் ஒன்றுகூட இல்லை.

#10 லயத்துப் பிள்ளை | சனி மாலை 6:03

உண்மை அண்ணா. ஒன்றும் தெரியாமல் அவரை எழுதிவிட்டேன், வருந்துகிறேன். நடுவர் வேண்டாம். மூன்று தரப்பாக மாற்றுகிறேன்.

#11 கிள்ளான் பிளாட் எட்டாம் மாடி | சனி இரவு 9:47

நான் சுங்கை சிப்புட்டில் பிறந்து இப்போது கிள்ளானில் இருக்கிறேன். யாரும் தொடாத ஒரு விஷயம் இருக்கிறது. நிலம்.

எங்கள் லயத்தை இடித்து பல வருடம் ஆகிறது. மாரியம்மன் கோயிலைத் தாமான் குடியிருப்பின் ஓரத்துக்கு மாற்றினார்கள். பிள்ளைகளை விட்டுவிட்டுப் போகும் ஆயாக் கொட்டகை இருந்த இடத்தில் சாலை. ஆனால் நான் கனவு கண்டால், கனவில் எது நடந்தாலும், அது எங்கள் லயத்து அஞ்சடி வராந்தாவில்தான் நடக்கிறது. என் மகள் கிள்ளானில்தான் பிறந்தாள், அந்த லயத்தைப் பார்த்ததே இல்லை. கனவில் அவளும் அங்கேதான் விளையாடுகிறாள். இங்கே இருக்கும் பிளாட் ஒரு தடவைகூட வந்ததில்லை.

தோட்டத் துண்டாடல் காலத்தைப் பெரியவர்கள் சொல்லக் கேட்டிருப்பீர்கள். வெள்ளைக்காரர்கள் தோட்டங்களை விற்றுவிட்டுப் போனபோது, துண்டு துண்டாகப் பிரித்து வாங்கினார்கள், ஆட்கள் தெருவுக்கு வந்தார்கள். நம் ஊர்க்காரர் துன் சம்பந்தன் 1960இல் தேசிய நிலநிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். தொழிலாளிகள் பத்துப் பத்து வெள்ளியாகப் போட்டுத் தோட்டங்களையே வாங்கினார்கள். எல்லாத் தோட்டத்தையும் வாங்க முடியவில்லை. எங்களுடையது அந்தக் கணக்கில் வரவில்லை.

விழிப்பு விற்றுவிட்ட தோட்டம் இப்போது யாருடையது? என்னைக் கேட்டால் கனவுலகத்துடையது. அதுதான் லயத்தை இடிக்காமல் வைத்திருக்கிறது, கூரை ஒழுகும் இடம்கூட மாறவில்லை. உங்கள் உடன்படிக்கையில் இதைக் கட்டாயம் எழுதுங்கள்: இடிக்கப்பட்ட லயங்கள் கனவின் காவலில் இருக்கும், அங்கே பிறந்தவர்களுக்குப் போய்வர உரிமை உண்டு, அதற்குப் பத்திரம் கேட்கக்கூடாது. எனக்கு இதுதான் முக்கியம். பூட்டு, சாவி எல்லாம் இதற்கு அப்புறம்.

#12 கோலகங்சார் ரோடு | சனி இரவு 10:10

இதைப் படித்ததும் பழைய வீட்டுச் சாவியை அப்பா இன்னும் மேசை அறையில் வைத்திருப்பது ஞாபகம் வந்தது. இவ்வளவு நாள் நான் அதைக் கேட்டதே இல்லை.

#13 பேத்தி | ஞாயிறு காலை 8:30

மூன்றாம் பிரிவை எதிர்க்கிறேன். முழுவதுமாக.

என் பாட்டிக்கு 96 வயது. தாத்தாவை ஜப்பான்காரர்கள் சயாமிலிருந்து பர்மாவுக்குப் போட்ட ரயில் பாதை வேலைக்குப் பிடித்துப் போனார்கள், 1943இல். பான் போங்கிலிருந்து தன்பியூசயாட் வரை 415 கிலோமீட்டர். மலாயாத் தோட்டங்களிலிருந்து பல்லாயிரம் தமிழர்கள் போனார்கள், எத்தனையோ பேர் திரும்பவில்லை. தாத்தாவும் திரும்பவில்லை. அப்போது அவர்களுக்குக் கல்யாணமாகி ஏழு மாதம். பாட்டி பிறகு வேறு ஒருவரைக் கட்டினார். அந்தத் தாத்தாவின் வழியில் வந்தவள்தான் நான். இருந்தாலும் முதல் தாத்தாவையும் நாங்கள் தாத்தா என்றே சொல்கிறோம்.

செத்த சேதி வரவில்லை. சமாதி இல்லை, கருமாதி எந்தத் தேதியில் செய்வது என்றே தெரியவில்லை. புகைப்படமும் கிடையாது. அவர் முகம் இந்த உலகத்தில் ஒரே ஓர் இடத்தில்தான் இருக்கிறது, அது பாட்டியின் கனவு. அதுவும் பாட்டி கேட்கும்போது வருவதில்லை, அவரே வருகிறபோதுதான். "வீட்டார் கேட்காமல் அழைத்து வரக்கூடாது" என்று நீங்கள் எழுதினால், 80 வருடமாக அவர் நடந்து வரும் ஒரே வழியை அடைக்கிறீர்கள்.

கெட்ட கனவாகவும் வருவார். எலும்பாக, காலில் புண்ணோடு. மறுநாள் பாட்டி சாப்பிட மாட்டார். அப்படியும் வரட்டும் என்றுதான் சொல்வார், நான் கேட்டிருக்கிறேன்.

#14 லயத்துப் பிள்ளை | ஞாயிறு காலை 9:12

அக்கா, மன்னியுங்கள். என் அப்பா இறந்தபின் ஆறு மாதம் தினமும் கனவில் வந்து "ஏன் என்னை மருத்துவமனையில் தனியாக விட்டாய்" என்று கேட்டார். அன்று இரவு நான் வேலைக்குப் போயிருந்தேன். அந்தக் கேள்வியை நிறுத்தத்தான் அந்தப் பிரிவை எழுதினேன். கதைக்காக என்று நினைத்துக்கொண்டேன், உண்மையில் எனக்காகத்தான். நீக்கிவிடுகிறேன்.

#15 தைப்பிங் மழை | ஞாயிறு காலை 10:02

நீக்க வேண்டாம் தம்பி, திருப்பி எழுதுங்கள். இறந்தவர்கள் எப்போது வேண்டுமானாலும் வரலாம், ஆனால் இருப்பவர்களும் பதில் சொல்ல அனுமதி வேண்டும். ஒரே கனவு திரும்பத் திரும்ப வந்து வதைப்பவர்களுக்கு ஒரு சிகிச்சை முறை இருக்கிறது. பகலில் விழித்திருக்கும்போது அந்தக் கனவை எழுதி, முடிவைத் தாமே மாற்றி, தினமும் சில நிமிடம் மனதில் ஓட்டிப் பார்க்கச் சொல்வோம். பலருக்குக் கனவு குறைகிறது. விழிப்பிலிருந்து கனவுக்கு அனுப்பும் கடிதம் போல. ஆற்றுக்கு மேலே அண்ணன் கேட்ட கொடுக்கல் வாங்கல் இதுவாக இருக்கலாம். அவர்கள் பாட்டு அனுப்புகிறார்கள், நாம் பதில் அனுப்புகிறோம்.

உங்கள் அப்பாவிடம் என்ன பதில் சொல்ல வேண்டுமோ அதைப் பகலில் எழுதுங்கள்.

#16 பழைய வெள்ளி | ஞாயிறு மதியம் 1:17

பேத்தி, உங்கள் பாட்டிக்கு என் வணக்கத்தைச் சொல்லுங்கள். என் பெரியப்பாவும் அந்தப் பாதைக்குப் போனவர், திரும்பி வந்தவர். அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசியதில்லை, உறக்கத்தில் மட்டும் பேசுவார். நாங்கள் எழுப்ப மாட்டோம்.

#17 லயத்துப் பிள்ளை | திங்கள் இரவு 11:35

புதிய வரைவு. முன்னுரையில் நகர்த்தப்பட்ட அரைமணியும் ஒன்றரை மணியும். பூட்டு, சாவி, அதற்கான அறிவிப்பு. வெட்டப்பட்ட கடைசிப் பங்குக்கு ஈடாக, வேலை விட்டு ஓய்ந்தவர்களை விடியலில் யாரும் எழுப்பக்கூடாது. இடித்த லயங்கள் கனவின் காவலில், பிறந்தவர்களும் அவர்கள் பிள்ளைகளும் போய்வரலாம். இறந்தவர்கள் வரலாம், நாம் பதில் சொல்லலாம். மூன்று தரப்பு, அதில் நடுவில் தவிப்பவர்களுக்கும் நாற்காலி.

கையெழுத்து எப்படி என்பதில் நிற்கிறேன். தோட்டத்து ஆட்களில் பலர் கைநாட்டுதான் வைத்தார்கள். கனவில் எழுத்து நிலைக்காது, ஒருமுறை படித்தால் ஒன்று, திரும்பிப் பார்த்தால் வேறு. தாளில் எப்படிக் கையெழுத்துப் போடுவது?

#18 பேத்தி | செவ்வாய் இரவு 8:51

நேற்று வரைவை முழுவதும் பாட்டிக்குப் படித்துக் காட்டினேன். காது கொஞ்சம் மந்தம், உரக்கப் படித்தேன். லயங்களைப் பற்றிய பிரிவில் "ஆமா" என்றார். விடியலில் எழுப்பக்கூடாது என்பதில், "யாரும் எழுப்பலையே, நாலு மணிக்குத் தானா முழிப்பு வந்துருது" என்றார்.

கையெழுத்தைப் பற்றிக் கேட்டேன். தாள் எதற்கு என்றார். "பெரட்டுல கிராணி பேர் கூப்பிடுவாரு. இருக்கேன்னு சொன்னா அன்னைக்கி பேரு. சொல்லலைன்னா இல்ல. அவ்வளவுதான்."

அப்புறம் ஒன்று சொன்னார், இதுவரை எங்களிடம் சொன்னதே இல்லை. தாத்தா கனவில் வரும்போதெல்லாம் முதலில் பெரட்டுக்களம்தான் வருமாம். கிராணி பேர் கூப்பிட்டுக்கொண்டே வருவாராம். தாத்தாவின் பேர் வரும்போது அவர் கூட்டத்தின் பின்னால் நின்றுகொண்டு குரல் கொடுக்க மாட்டாராம். பாட்டிதான் "இருக்காரு" என்று சொல்வாராம். பேர் விட்டுப்போகக்கூடாது என்று.

கதையில் பேர் கூப்பிடும் இடத்தை எழுதும்போது, அவருக்கு ஓர் இடம் விடுங்கள். நேரத்தை நான்கு மணிக்கு முன்னால் வையுங்கள், பாட்டி அதற்குமேல் தூங்க மாட்டார்.

#19 லயத்துப் பிள்ளை | செவ்வாய் இரவு 9:04

மூன்றரைக்கு வைக்கிறேன், அக்கா. பழைய நேரப்படி மூன்று.